பேய்க்கு முகம் கிடையாது

தொகிதா மினோருவுக்கு இருட்டென்றால் பயம். சிரிக்க வேண்டாம், நிஜமாகத்தான். பேய்ப் படம் எடுத்தே வயிற்றைக் கழுவிய மனுஷன், வீட்டில் கழிவறை விளக்கை அணைக்க விடமாட்டான். அணைத்துவிட்டால் மனைவியை எழுப்புவான். அவள் தூக்கக் கலக்கத்தோடு எழுந்துபோய் விளக்கைப் போட்டுவிட்டு, கதவுக்கு வெளியே கொட்டாவி விட்டபடி நிற்க வேண்டும்.

"ஊருக்கே பயம் காட்டுறீங்க டைரக்டரே, நாலடி நடந்து ஒண்ணுக்குப் போகத் துணை கேக்குறீங்களே, வெக்கமா இல்ல?" என்பாள் மிசாவோ. "உள்ள யாரு இருக்கப்போறா? இந்த வீட்டுல இருக்கிற ஒரே பேய் உங்க பக்கத்துலதான் படுத்திருக்கு."

அவள் சொன்னதில் பொய்யில்லை. தொகிதா எடுத்த அத்தனை படங்களிலும் பேயாக வந்தவள் மிசாவோதான்.

பேய் எடுக்கவா அவன் சினிமாவுக்கு வந்தான்? கூரே துறைமுகத்தில் கப்பல் பட்டறைத் தொழிலாளியின் மகன். ஒரு வீடு, ஒரு சாப்பாட்டு மேசை, அதைச் சுற்றி மனசில் உள்ளதை ஒருவருக்கொருவர் சொல்லாமல் விழுங்குகிற நாலு பேர், இப்படி ஒரு படம் எடுத்துவிட்டால் பிறவி கடைத்தேறிவிடும் என்று நம்பி தோக்கியோவுக்கு ரயிலேறினான். கிடைத்தது தொலைக்காட்சித் துப்பறியும் தொடர்களில் உதவி இயக்குநர் வேலை. வேலை என்றால் என்ன? மழையில் நடிகருக்குக் குடை பிடிப்பது, தெருவில் லாரிகளை நிறுத்திக் கும்பிடு போடுவது, யாரோ செய்த தப்புக்குத் திட்டு வாங்குவது. முப்பது தாண்டியும் அதேதான்.

அப்போதுதான் வாடகை வீடியோக் கடைகள் தெருவுக்குத் தெரு முளைத்தன. அலமாரிகளை நிரப்பப் படம் வேண்டும். நல்ல படம் வேண்டுமென்று யாரும் கேட்கவில்லை, படம் வேண்டும், அவ்வளவுதான். நெகிஷி என்று ஒரு தயாரிப்பாளர். எந்நேரமும் சூயிங்கம் மெல்லுகிறவர். தொகிதாவைக் கூப்பிட்டனுப்பினார்.

"பேய் எடுக்கத் தெரியுமா?"

"தெரியாதுங்க."

"பரவால்ல. பேய்க்கும்தான் உன்னைத் தெரியாது. போய் எடு."

இப்படித்தான் ஆரம்பித்தது.

எங்கள் நாட்டில் பேய் கோடையில்தான் வரும். வியர்த்துக் கொட்டும்போது முதுகு சில்லிட வேண்டும், ஜனங்களுக்கு அதில்தான் சுகம். ஆகஸ்டில் கடைக்கு வரவேண்டிய படத்தைப் பிப்ரவரியில் எடுத்தால்தான் உண்டு. ஆக, இந்த நாட்டுப் பேய்கள் எல்லாம் மெல்லிசு வெள்ளை உடையில் பனிக்காலத்து ஆற்றில் நின்று நடுங்கியவைதான். முதல் படத்துக்கு ஒப்பந்தமான பெண், ஒகுதாமா மலைப்பக்கத்து ஆற்றங்கரைக்கு வந்தாள், தண்ணீரில் ஒரு விரலை விட்டுப் பார்த்தாள், "அம்மாவுக்கு உடம்பு சரியில்ல" என்று சொல்லிவிட்டு அடுத்த பஸ்ஸில் ஏறிப் போய்விட்டாள். தொகிதா தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டான்.

மிசாவோ அன்றைக்கு அங்கே இருந்தது எல்லோருக்கும் பன்றிக்கறி சூப் காய்ச்சிக் கொடுக்க. கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை. அகப்பையைக் கீழே வைத்தாள், தலைமுடியை அவிழ்த்தாள். இடுப்புக்குக் கீழே வரை இருக்கும்.

"உடையைக் குடுங்க. சூப்பு ஆறிடப் போகுது, சீக்கிரம் முடிங்க."

ஆற்றில் இறங்கி நின்றாள். ஈரக் கூந்தல் முன்னால் விழுந்து முகத்தை மறைத்தது. கழுத்தை மட்டும் மெல்லச் சாய்த்தாள். ஒளிப்பதிவாளர் அரை அடி பின்னால் நகர்ந்ததை எல்லோரும் பார்த்தார்கள். அந்த ஆள் போரில் கப்பல் மூழ்கி நீந்திக் கரையேறியவர், எதற்கும் அசையாதவர்.

மிசாவோ நடிகை. பேயாக நிற்பதற்கு முன்பே நடிகை. ஷிமோகிதாசாவாவில் ஒரு கட்டடத்தின் அடித்தளத்தில், முட்டியோடு முட்டி இடிக்க உட்கார்ந்து பார்க்கும் நாடக அரங்கில், அவள் நடித்ததைப் பார்க்க ஆட்கள் மறுபடி மறுபடி வருவார்கள். அழகி என்று சொல்ல முடியாது. அகலமான முகம், ஒரு புருவம் கொஞ்சம் ஏற்றம். ஆனால் அந்த முகத்தில் ஒரு நினைப்பு வருவதும் போவதும் கடைசி வரிசைக்குத் தெரியும். தொகிதா அந்தக் கடைசி வரிசையில் உட்கார்ந்துதான் அவளைக் காதலித்தான். அந்த முகத்தைப் பார்த்துத்தான் கட்டிக்கொண்டான், கட்டிக்கொண்ட பிறகு அதைக் கூந்தலால் மூடினான். கையில் வெண்ணெயை வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்தவன் என்று இவனைத்தான் சொல்ல வேண்டும்.

படம் வீடியோக் கடைகளில் பிய்த்துக்கொண்டு போனது. நெகிஷி சூயிங்கத்தைத் துப்பிவிட்டு இன்னொன்று கேட்டார். "அதே பேய் வேணும். அந்தப் பொண்ணு யாரு?"

"என் மனைவிங்க."

"நல்லதாப் போச்சு. சண்டை போட்டுட்டு ஓடாது."

அடுத்த படத்தில் அவளுக்கு முகம் காட்டுகிற வேடம் கொடுப்பதாக அன்றிரவே தொகிதா வாக்குக் கொடுத்தான். இதுதான் அந்த வீட்டின் முதல் வாக்குறுதி. அதற்குப் பிறகு வருஷா வருஷம் அதையே புதுப்பித்துக்கொண்டிருந்தான், புதுவருஷ வாழ்த்து அட்டை மாதிரி.

நிறைவேறவிடாமல் தடுத்தது வேறு யாருமில்லை, தொழில்தான். பேய்ப் படக்காரர்களுக்கென்று ஒரு வேதம் உண்டு: பேய்க்கு முகம் காட்டாதே. தெரியாதவரைக்கும்தான் பயம். கூந்தலை விலக்கிவிட்டால் அங்கே கண், மூக்கு, வாய் உள்ள ஒருத்தி நிற்பாள். பார்க்கிறவன் மனசு உடனே 'ஐயோ பாவம், யாரோ' என்று இளகிவிடும். இளகினால் போச்சு. தொகிதா இதை எல்லோருக்கும் சொல்லிக்கொடுத்தான், பேட்டிகளில் சொன்னான், சினிமாப் பள்ளியில் பாடமாக நடத்தினான். அவனைவிட நன்றாக இதைச் செய்யத் தெரிந்தவன் கிடையாது. அதுதான் அவன் தலையெழுத்து.

"இந்தப் படத்துலயாவது?" என்பாள் அவள், கதை எழுதுகிற மேசைப் பக்கம் தேநீர் வைக்கும்போது.

"இதுல முடியாது மிசாவோ. அடுத்ததுல கண்டிப்பா."

"அடுத்ததுலயும் இப்படியே சொன்னீங்கன்னா, நிஜமாவே செத்து உங்க முன்னால முகத்தோட வந்து நிப்பேன். தாங்க மாட்டீங்க."

செத்தவராக நடிப்பவர்களுக்கு, கெட்டது ஒட்டாமல் போக, தயாரிப்பாளர் பணம் வைத்து ஒரு சின்ன உறை கொடுப்பது சினிமாக்காரர் வழக்கம். கொடுத்ததை அன்றைக்கே செலவழித்துவிட வேண்டும். மிசாவோ ஒவ்வொரு தடவையும் அதற்குப் பயற்று மாவு உருண்டை வாங்கிவந்து குழு முழுவதற்கும் நீட்டுவாள். "நான் செத்ததுக்குச் சாப்பிடுங்க, நல்லா சாப்பிடுங்க!" விளக்குத் தூக்குகிற ஆட்கள்கூட அவளுக்காகத்தான் தொகிதா படத்துக்கு வந்தார்கள்.

அப்புறம் ஒரு காலம் வந்தது. நாடு முழுக்கக் கூந்தல் பேய்க்குப் பைத்தியம் பிடித்து அலைந்தது. கூட இருந்தவர்களெல்லாம் பெரிய திரைக்குப் போனார்கள், சிலர் அமெரிக்காவுக்கே போனார்கள். தொகிதாவை யாரும் கூப்பிடவில்லை. ஏன் என்று கேட்டால் பதில் கிடையாது, அதிர்ஷ்டம் சிலர் வீட்டு வாசலோடு திரும்பிப்போகும். அவன் வீடியோவிலேயே கிடந்தான். அப்புறம் அந்த அலையும் அடங்கியது. 'பார்வையாளர் அனுப்பிய நிஜப் பேய்க் காட்சிகள்' என்று பொய்யாக எடுத்து விற்கிற காலம் வந்தது. அதையும் எடுத்தான். பூங்காவில் குழந்தைகள் ஊஞ்சலாடும், பின்னால் மரத்தடியில் மங்கலாக ஒரு வெள்ளை உருவம். அந்த மங்கல் மிசாவோ. இப்போது கூந்தல்கூடத் தெரியவில்லை, வெறும் கறை.

"முன்னேற்றம்தான்," என்றாள் அவள். "முதல்ல முகம் போச்சு, இப்ப ஆளே போயிட்டேன்." சொல்லிவிட்டுச் சிரித்தாள். தொகிதாவும் சிரித்தான். அந்தச் சிரிப்பில் அவளுக்கு ஐம்பது வயது ஆகியிருந்ததை அவன் கவனிக்கவில்லை, கவனித்திருக்க வேண்டும்.

அடுத்த வருஷம் அவள் வயிற்றுக்குள் கட்டி இருப்பதாக மருத்துவர் சொன்னார். மருந்து ஏற்றினார்கள். முடி கொட்டியது. சீப்பில் வந்தது, தலையணையில் வந்தது, குளியலறைச் சல்லடையில் சுருண்டு கிடந்தது. தொகிதா அதைக் கையில் எடுத்துக்கொண்டு என்ன செய்வதென்று தெரியாமல் நின்றான். இருபது வருஷம் அவனுக்குச் சோறு போட்ட கூந்தல் அது.

மிசாவோ மொட்டைத் தலையைக் கண்ணாடியில் பார்த்தாள்.

"மூடி மறைக்க இனிமே ஒண்ணுமில்ல, டைரக்டரே. இப்பவாவது காட்டுங்க." இந்தத் தடவை அவள் சிரிக்கவில்லை. "டாக்டர் சொன்னது நீங்களும்தான் கேட்டீங்க. அடுத்த படம்னு இனி எனக்குச் சொல்லாதீங்க. ஒரு தடவை. ஒரே ஒரு காட்சி போதும். நாகாஓகாவுல என் அக்கா ஊரெல்லாம் சொல்லி வச்சிருக்கா, என் தங்கச்சி சினிமா நடிகைன்னு. ஒருத்தரும் என் மூஞ்சியைப் பாத்ததில்ல."

தொகிதா நெகிஷியின் அலுவலகத்துக்குப் போய்த் தரையில் நெற்றி படக் குனிந்தான். நெகிஷி பதறிப்போய், "எழுந்திரு, எழுந்திரு, என்ன கூத்து இது" என்றார். கிழவர் மோசமானவர் அல்ல. சின்னதாக ஒரு படம், ஆனால் தியேட்டரில் வெளியாகும் படம், வீடியோ அல்ல, ஏற்பாடு செய்தார். தொகிதாவின் வாழ்க்கையில் முதல் தியேட்டர் படம். அவனுக்கு அப்போது ஐம்பத்தாறு வயது.

கதையை மூன்றே வாரத்தில் எழுதினான். சின்ன வயதில் தாயை விட்டு வந்துவிட்ட மகன். செத்த தாய் தேடி வருகிறாள். படம் முழுக்கக் கூந்தல் பேய், வீட்டு மூலையில், ரயில் மேடையில், துவைக்கப்போட்ட துணிகளுக்கு நடுவே. கடைசியில் மகன் சுவரோடு ஒட்டி நடுங்கும்போது, அவள் தன் கூந்தலைத் தானே இரண்டு கையாலும் கழற்றி மடியில் வைக்கிறாள். மொட்டைத் தலை, ஒரு முகம். 'நான்தான்' என்கிற மாதிரி ஒரு பார்வை. அவ்வளவுதான். மிசாவோ அந்தப் பக்கத்தைப் படித்துவிட்டுக் கதைத்தாளை மார்போடு வைத்துக்கொண்டாள்.

பிப்ரவரியில் எடுத்தார்கள். இந்தத் தடவை ஆறு கிடையாது, சூடாக்கி வைத்த அரங்குதான். ஆனாலும் அவளால் நெடுநேரம் உட்கார முடியவில்லை. கூந்தல் காட்சிகளில் பாதிக்கு வேறொரு பெண்ணை நிறுத்தினார்கள். கடைசிக் காட்சிக்கு அவளே வந்தாள். முகப்பூச்சுப் பெண் பேய்க்களை வர நீலம் தடவ வந்தபோது கையை மெல்ல விலக்கிவிட்டாள். காமெரா ஓடியது. பொய்க் கூந்தலைக் கழற்றினாள், நிமிர்ந்தாள், பார்த்தாள்.

என்ன பார்வை அது! கோபம் இருந்தது, கோபத்துக்கு அடியில் மன்னிப்பு இருந்தது, அதற்கும் அடியில் 'இவ்வளவு நேரமா ஆச்சு உனக்கு?' என்று ஒரு சின்னக் கேலிகூட இருந்தது. தொகிதா 'கட்' சொல்ல மறந்துபோனான். வேறு யாரோ சொன்னார்கள். விளக்கு ஆட்கள் கழுத்துத் துண்டால் கண்ணைத் துடைத்தார்கள். மிசாவோ சுற்றிலும் பார்த்து, "என்ன, யாராவது செத்துட்டாங்களா?" என்றாள். எல்லோரும் அழுதுகொண்டே சிரித்தார்கள்.

அங்கேதான் வினை இருந்தது. அது அவனுக்கு எடிட்டிங் அறையில் புரிந்தது.

எடிட்டர் உசுயி அவனோடு பத்துப் பன்னிரண்டு படம் செய்தவர், அதிகம் பேசமாட்டார். படத்தைக் கோர்த்து முழுசாக ஓட்டிப் பார்த்தார்கள். ஒன்றேகால் மணி நேரம் பயம் கூடிக்கொண்டே போனது. இப்படி ஒன்றை அவன் எடுத்ததே இல்லை. உசுயியின் முன்கையில் முடி சிலிர்த்து நிற்பதைப் பார்த்தான். கடைசியில் கூந்தல் கழன்றது. மிசாவோ வந்தாள். அந்த நொடியில் பயமெல்லாம் காற்றுப்போன பந்து மாதிரி இறங்கிவிட்டது. பேய் போய்விட்டது. நோயாளிப் பெண்மணி ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். அழுகை வந்தது, ஆனால் படம் போய்விட்டது. அதற்கு முன்னால் பார்த்ததெல்லாம் வெறும் விளையாட்டாகத் தெரிந்தது.

"இன்னொரு தடவை," என்றான் தொகிதா.

அந்தக் காட்சியை எடுத்துவிட்டு ஓட்டினார்கள். மகன் நடுங்குகிறான், கூந்தலை நோக்கி இரண்டு கை உயர்கிறது, திரை இருண்டுவிடுகிறது. தொகிதா எழுந்துபோய் அறை விளக்கைப் போட்டான். தான் எடுத்த படத்துக்கே பயந்தான்.

நெகிஷி வந்து இரண்டையும் பார்த்தார். வெட்டச் சொல்வார் என்று தொகிதா எதிர்பார்த்தான். சொல்லியிருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்! பழியைக் கிழவர் தலையில் போட்டிருக்கலாம். அவர் சூயிங்கத்தை எடுத்துத் தாளில் மடித்தார்.

"எது நல்ல படம்னு எனக்கும் தெரியும், உனக்கும் தெரியும். ஆனா இது உன் வீட்டு விஷயம். நான் வாயைத் திறக்கல. எதைக் குடுத்தாலும் வெளியிடுறேன்."

உசுயியிடம் கேட்டான். அவர் திரையைப் பார்த்தபடியே, "வைங்க டைரக்டர். படம் கொஞ்சம் கெட்டா கெடட்டும்" என்றார். வாய் திறக்காத மனுஷன் திறந்து சொன்ன சொல் அது.

தொகிதா வெட்டினான்.

இதை எப்படிச் சொல்லி நியாயப்படுத்த? அவன் கெட்டவன் அல்ல, அவளை நேசிக்காதவனும் அல்ல. வாழ்க்கை முழுக்கக் கறையும் மங்கலும் எடுத்தவன் கைக்கு முதல் தடவையாக ஒரு நல்ல படம் வந்திருக்கிறது. அதைத் தன் கையால் கெடுக்க முடியவில்லை. 'அவளும் கலைஞிதானே, புரிந்துகொள்வாள்' என்று சொல்லிக்கொண்டான். இன்று மாலை சொல்லிவிடலாம் என்று கிளம்பினான். வீட்டுக்குப் போனால் மிசாவோ, முதல் திரையிடலுக்குக் கட்டிக்கொள்ளச் சாம்பல் கிமோனோவா நீலமா என்று இரண்டையும் விரித்துப்போட்டு உட்கார்ந்திருந்தாள். நாளைக்குச் சொல்லலாம் என்றிருந்தான். விடிந்ததும் அவள் தொலைபேசியில் இருந்தாள். "ஆமா அக்கா, கடைசியில வருவேன். மொட்டையா இருப்பேன், பாத்துச் சிரிக்காத!" மறுநாள் அவளுக்கு வாந்தி. அதற்கு மறுநாள் அவள் கொஞ்சம் தெளிவாக இருந்தாள், அந்தத் தெளிவைக் கெடுக்க மனசு வரவில்லை. இப்படியே நாள் போனது.

கடைசியில் கோழை செய்வதையே செய்தான். ஒரு பொய் தயார் செய்தான். 'மெஷின் கோளாறு, அந்தக் காட்சி பதிவான டிஸ்க் கெட்டுப்போச்சு' என்று சொல்லிவிடுவது. பொய் நிற்க வேண்டுமானால் காட்சி எங்கேயும் இருக்கக்கூடாது. சின்னக் கம்பெனிகளில் ஒரு படம் முடிந்தால் டிஸ்க்குகளைத் துடைத்து அடுத்த படத்துக்குக் கொடுப்பார்கள். உசுயி கேட்டார்: "வெட்டினதுல எதையாவது எடுத்து வைக்கணுமா?"

"வேண்டாம். எல்லாத்தையும் அழிச்சிடுங்க."

உசுயி திரும்பி அவனைப் பார்த்துவிட்டு, அழிக்கத் தொடங்கினார்.

முதல் பிரதி தயாரானதும் நடித்தவர், உழைத்தவர் எல்லோரையும் கூட்டிப் போட்டுக் காட்டுவது வழக்கம். சோஃபுவில் ஸ்டூடியோவின் சின்ன அரங்கு. அக்கா ஃபுசாயே நாகாஓகாவிலிருந்து புல்லட் ரயிலில் வந்திருந்தாள், கை நிறைய அரிசி முறுக்குப் பொட்டலங்களோடு. மிசாவோ நீல கிமோனோ, தலையில் பட்டுத் துணி. எலும்பும் தோலுமாக இருந்தாலும் வாயெல்லாம் சிரிப்பு. விளக்கு ஆட்கள் வந்து வணங்கினார்கள். தொகிதா மெஷின் கோளாறை அப்போதாவது சொல்லியிருக்க வேண்டும். அவர்களுக்குப் பின் வரிசையில் போய் உட்கார்ந்தான்.

ஃபுசாயே பேய்ப் படமே பார்க்காதவள். ஆரம்பத்திலிருந்தே "ஐயோ!" என்று கைப்பையால் முகத்தை மூடுவதும், "போயிடுச்சா?" என்று கேட்பதுமாக இருந்தாள். "இன்னும் இல்ல, இரு" என்று மிசாவோ அவள் முட்டியைத் தட்டிக்கொடுத்தாள். கடைசிக் காட்சி வந்தது. மிசாவோ நிமிர்ந்து உட்கார்ந்தது தொகிதாவுக்குப் பின்னாலிருந்து தெரிந்தது. இரண்டு கை உயர்ந்தது. திரை இருண்டது.

பெயர்கள் ஓடத் தொடங்கின. பட்டுத் துணி கட்டிய தலை அசையவே இல்லை.

விளக்குப் போட்டார்கள். கை தட்டினார்கள். நடைக்கூடத்தில் எல்லோரும் ஒருவருக்கொருவர் குனிந்து வணங்கிக்கொண்டார்கள். அந்தக் காட்சி எடுக்கும்போது அழுதவர்கள் யாரும் தொகிதாவின் கண்ணைப் பார்க்கவில்லை. ஃபுசாயேதான் ஊர்க்குரலில் எல்லோருக்கும் கேட்கும்படி கேட்டாள்:

"ஏய் மிசாவோ, நீ எங்கடி வந்த? கடைசியில வருவேன்னியே, நான் உன் மூஞ்சியைப் பாக்கவே இல்லையே!"

தொகிதா வாயைத் திறந்தான். அதற்குள் மிசாவோ அக்காவின் தோளில் கை போட்டாள்.

"வந்தேனே அக்கா. நீதான் அப்போ கண்ணை மூடிக்கிட்டிருந்த."

"ஐயையோ! அந்த நேரத்துலயா மூடினேன்? என் புத்தியை..." ஃபுசாயே தன் தலையிலேயே அடித்துக்கொண்டாள்.

"விடு. ஊர்ல வெளியாகும், அப்போ பாத்துக்க."

ரயிலில் திரும்பும்போது தொகிதா, "மிசாவோ, அது வந்து..." என்று ஆரம்பித்தான். அவள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே, "நல்ல படம். ரொம்ப பயமா இருந்துச்சு" என்றாள். "எனக்குக் குளிருது, அந்தப் போர்வையை எடுங்க." அதற்குப் பிறகு அவள் அவனை 'டைரக்டரே' என்று கூப்பிடவே இல்லை. கேலியும் செய்யவில்லை. கேட்டதற்கு மரியாதையாகப் பதில் சொன்னாள், மருந்து கொடுத்தால் நன்றி சொன்னாள். அந்த நன்றியைக் கேட்கும்போதெல்லாம் அவனுக்கு உயிர் போய் உயிர் வந்தது. திட்டியிருந்தால் காலில் விழுந்திருப்பான். அவள் திட்டவில்லை.

ஜூலையில், மழைக்காலம் முடிவதற்கு முன் போய்விட்டாள். இறுதிச் சடங்குக்குப் படம் கேட்டார்கள். வீடு முழுக்கத் தேடினான், இருந்ததெல்லாம் கூந்தல். கடைசியில் ஃபுசாயே பழைய நாடகப் படம் ஒன்றைக் கொண்டுவந்து வைத்தாள். அதில் மிசாவோவுக்கு இருபத்தாறு வயது. வந்தவர்களில் பாதிப் பேருக்கு அது யாரென்றே தெரியவில்லை.

ஆகஸ்டில் படம் வெளியானது. நன்றாக ஓடியது. பத்திரிகைகள் அந்தக் கடைசி இருட்டைப் பற்றி எழுதின. முகத்தைக் காட்டாமல் விட்டதுதான் இயக்குநரின் முதிர்ச்சி என்று ஒருவர் பாராட்டியிருந்தார். தொகிதா படித்துவிட்டுத் தாளை மடித்து வைத்தான்.

செத்தவர்கள் வீட்டுக்கு வந்து போகிற பண்டிகை முடிந்த வாரம், நாகாஓகாவிலிருந்து தொலைபேசி.

"தொகிதா சான், நான் ஃபுசாயே. இன்னிக்குக் காலையில படத்துக்குப் போனேன்."

"அப்படியா அக்கா."

"கண்ணை மூடல. நடுங்கிப் போயிட்டேன், ஆனாலும் மூடல. விளக்குப் போடுற வரைக்கும் முழிச்சுக்கிட்டே இருந்தேன்." என்றாள் ஃபுசாயே. "அவ வரலையே."

தொகிதா தொலைபேசியை மறு காதுக்கு மாற்றினான்.

"எடுத்தீங்களா, இல்லையா? அதையாவது சொல்லுங்க."

"எடுத்தோம்."

"நல்லா பண்ணினாளா?"

"அதைவிட நல்லா யாரும் பண்ணியிருக்க முடியாது அக்கா."

"அப்போ அதை மட்டும் எனக்குப் போட்டுக் காட்டுங்க. படம் வேண்டாம். அவ மூஞ்சி மட்டும் போதும். நான் அங்க வரேன்."

இரண்டு மாதமாகத் தொண்டையில் கிடந்த பொய் தானாக எழுந்து வந்தது. "அது இல்ல அக்கா. மெஷின் கோளாறு. டிஸ்க் கெட்டுப்போச்சு. மீட்க முடியல."

"அவளுக்குத் தெரியுமா?"

"தெரியும்," என்றான். "நீங்க அவ்வளவு தூரத்துலேருந்து வந்திருந்தீங்க. உங்க மனசு உடைஞ்சிடக் கூடாதுன்னுதான் நீங்க கண்ணை மூடிக்கிட்டதாச் சொன்னா."

ஃபுசாயே விம்மத் தொடங்கினாள். "எனக்காகவா? சாகப்போற நேரத்துல எனக்காகப் போயி... எப்பவும் அப்படித்தான், சின்னதுலேருந்தே." வெகுநேரம் அழுதாள். அப்புறம் மூக்கைச் சிந்திக்கொண்டு குரலைத் தேற்றிக்கொண்டாள். "உங்களுக்கு எவ்வளவு வேதனையா இருந்திருக்கும், பாவம். அவளுக்காக உயிரைக் குடுத்து எடுத்த காட்சி. மெஷின் பண்ணின தப்புக்கு நீங்க என்ன செய்வீங்க? உங்களையே நொந்துக்காதீங்க, தொகிதா சான். கேக்குதா?"

"கேக்குது அக்கா."

"சாப்பிட்டீங்களா?"

"சாப்பிட்டேன்," என்றான்.

"இந்த வருஷத்துப் புது அரிசி வந்ததும் அனுப்பி வைக்கிறேன்," என்று சொல்லிவிட்டு அவள் தொலைபேசியை வைத்தாள்.